ஆயில் குறையாத அம்பாசிடர்: ஒரு நிகழ்வு ஆய்வு

பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் தன் அம்பாசிடரைக் கோவையில் எங்கள் பட்டறைக்கு ஓட்டி வந்தார். 1986 மாடல், மார்க் 4, பெட்ரோல். பெயிண்ட், சீட், குரோமியம் பூசிய பம்பர் எல்லாம் பொத்திப் பொத்தி வைத்த மாதிரி இருந்தன. புகார் ஒன்றே ஒன்று. நாற்பது கிலோமீட்டர் ஓடிவந்து உக்கடம் நெரிசலில் நின்றால் டேஷ்போர்டில் சிவப்பு ஆயில் லைட் மின்னும். ஆக்சிலேட்டரை லேசாக மிதித்தால் அணைந்துவிடும்.

“காலையில ஸ்டார்ட் பண்ணும்போது ஒண்ணுமே இல்லீங்க தம்பி. வண்டி சூடானாத்தான் மின்னுது. ஆயிலும் நல்லாத்தானுங்க இருக்குது, ஒரு சொட்டுக் குறையலை” என்றார்.

அந்தக் கடைசி வார்த்தைதான் எனக்கு உறுத்தியது. இந்த எஞ்சின் ஆயில் குறையாமல் ஓடாது. இங்கிலாந்தின் பிரிட்டிஷ் மோட்டார் கார்ப்பரேஷன், அதாவது பிஎம்சியின் ‘பி’ வரிசை எஞ்சின் இது, 73.025 மில்லிமீட்டர் போர், 88.9 மில்லிமீட்டர் ஸ்ட்ரோக், 1489 சிசி. 1950களில் இங்கிலாந்தில் எம்ஜி ஸ்போர்ட்ஸ் காரில் ஓடிய அதே குடும்பம். பிஸ்டன்களின் அசைவைச் சுழற்சியாக மாற்றும் தண்டுதான் கிராங்க். அதன் பின்முனையில் இன்றைய வண்டிகளில் இருப்பது போல ரப்பர் ஆயில் சீல் கிடையாது. கிராங்கிலேயே மரை மாதிரி ஒரு பள்ளம் வெட்டியிருக்கும். கிராங்க் சுழலும்போது அந்த மரை ஆயிலை உள்ளே திருப்பித் தள்ளும். எஞ்சின் நின்றதும் தள்ள ஆளில்லை. மிச்சம் இருப்பது கிளச்சை மூடியிருக்கும் பெல் ஹவுசிங் அடியில் ஸ்பிளிட் பின் தொங்கும் துளை வழியாகச் சொட்டும். அம்பாசிடர் நிற்கும் வீட்டைப் போர்டிகோ தரையை வைத்தே கண்டுபிடித்துவிடலாம். ஐயாவின் வண்டியும் சொட்டத்தான் செய்தது. சொட்டுகிற வண்டியில் அளவு குறையவில்லை என்றால், போகிற ஆயிலுக்கு ஈடாக வேறு ஏதோ உள்ளே வந்துகொண்டிருக்கிறது.

முன்கதை

இரண்டு வருடங்களுக்கு முன்பே லைட் ஒருமுறை மின்னியிருக்கிறது. அப்போது காட்டிய இடத்தில் பிரஷர் சுவிட்சை மாற்றியிருக்கிறார்கள். கொஞ்ச நாள் பேச்சில்லை. மறுபடி மின்னியபோது வேறோர் இடத்தில் ஆயிலை மாற்றி, பிரஷரை ஏற்றும் என்று விற்கிற கெட்டியான திரவம் ஒரு டப்பாவும் ஊற்றியிருக்கிறார்கள். ஒரு மாதம் லைட் வரவில்லை. மூன்றாவது முறை என்னிடம் வந்தார்.

லைட்டை அணைப்பது ஒரு வேலை, பிரஷரைக் கொண்டுவருவது வேறு வேலை. அந்தச் சுவிட்சுக்குத் தெரிந்தது ஆம், இல்லை என்ற இரண்டு பதில்தான். பிரஷர் சதுர அங்குலத்துக்கு ஏறக்குறைய ஏழு பவுண்டுக்குக் கீழே இறங்கினால் மின்னும், அதற்கு மேல் அணைந்திருக்கும். ஓடும்போது ஐம்பது இருக்க வேண்டிய இடத்தில் இருபது இருந்தாலும் அது வாயைத் திறக்காது. லைட் மின்னத் தொடங்கும்போது கதை பாதிக்கு மேல் நடந்து முடிந்திருக்கும்.

முதல் நாள்: டிப் ஸ்டிக்கும் செய்தித்தாளும்

எஞ்சினை ஆறவிட்டு டிப் ஸ்டிக்கை உருவினேன். ஆயில் மேல் கோட்டைத் தாண்டி ஒரு விரற்கடை ஏறியிருந்தது. நிறம் கறுப்பு, அது சகஜம். ஆனால் ஸ்டிக்கிலிருந்து வழிந்த விதம் சரியில்லை. 20டபிள்யூ-50 ஆயில் ஸ்டிக்கின் நுனியில் ஒரு கணம் தயங்கி, திரண்டு, பிறகுதான் விழும். இது தண்ணீர் மாதிரி ஓடியது. விரலில் தொட்டுத் தேய்த்தால் வழவழப்பு ஒட்டவில்லை. மூக்கருகே கொண்டுபோனதும் பெட்ரோல் வாசம்.

அங்கே கிடந்த செய்தித்தாளின் ஓரத்தில் ஒரு சொட்டு வைத்தேன். அருகிலேயே கேனிலிருந்து புது ஆயில் ஒரு சொட்டு. பத்து நிமிடத்தில் புது ஆயில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்குப் பரவி நின்றது. வண்டி ஆயில் நடுவில் கறுப்புப் புள்ளியும் அதைச் சுற்றி வெளிறிய அகல வளையமுமாக இரண்டு பங்கு பரவியிருந்தது. ஐயா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தார். “வேதியியல் வகுப்புல நான் காட்டுனதுதானுங்க இது” என்றார். அவர் வேதியியல் ஆசிரியர் என்பது அப்போதுதான் தெரிந்தது. அதன்பிறகு எதையும் அவருக்கு இரண்டு முறை விளக்க வேண்டியிருக்கவில்லை.

இருந்தாலும் வாசத்தை மட்டும் நம்பி முடிவுக்கு வரக்கூடாது. பிளாக்கின் பின்பக்கம் இருந்த பிரஷர் சுவிட்சைக் கழற்றி, அந்த இடத்தில் குழாய் வைத்த மெக்கானிக்கல் கேஜை மாட்டினேன். மின்சாரம், சென்சார், வயர் எதையும் நம்பாத கேஜ் அது. ஆயிலே நேராக வந்து முள்ளைத் தள்ளும். எஞ்சின் வேகத்துக்கு பிளக் வயரில் மாட்டும் டாக்கோமீட்டர்.

ஆறிய எஞ்சினில் ஸ்லோவில், அதாவது ஆக்சிலேட்டரை மிதிக்காமல் ஓடும்போது, 45 பவுண்டு. கேட்க நல்லாத்தான் இருக்கிறது. இருபது நிமிடம் ஓட்டிக் கொண்டுவந்த பிறகு ஸ்லோவில் 4 பவுண்டு. நிமிடத்துக்கு 2000 சுற்றில் 22. எங்கள் பட்டறையில் இந்த எஞ்சினுக்கு வைத்திருக்கும் கணக்கு, சூட்டில் ஓடும்போது 50க்கு அருகில், ஸ்லோவில் 15க்குக் குறையாமல் இருக்க வேண்டும் என்பது. ஆகவே லைட் பொய் சொல்லவில்லை. அந்தப் புதுச் சுவிட்சும் சரி, அதற்கு முன்பு கழற்றி எறிந்த பழைய சுவிட்சும் சரி, உண்மையைத்தான் சொல்லியிருக்கின்றன.

வண்டியை இனி ஓட்டக்கூடாது, இங்கேயே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன். ஐயா பஸ்ஸில் ஊருக்குப் போனார்.

பெட்ரோல் வந்த வழி

ஆயிலை அளவுப் பாத்திரத்தில் இறக்கினேன். கடைசியாக ஊற்றியது நாலு லிட்டர் என்று பில்லில் இருந்தது. வெளியே வந்தது 4.9 லிட்டர். இடையில் தரையில் சொட்டிப் போனதையும் சேர்த்தால் ஒரு லிட்டருக்கு மேல் பெட்ரோல் உள்ளே இறங்கியிருக்கிறது. சில சதவீதம் பெட்ரோல் கலந்தாலே ஆயில் ஒரு கிரேடு கீழே போய்விடும். 100 டிகிரி சூட்டில் 50 கிரேடு ஆயிலின் பிசுபிசுப்பு 16.3 சென்டிஸ்டோக்குக்கு மேல் இருக்க வேண்டும். 30 கிரேடுக்கு 9.3 போதும். இந்த எஞ்சினுக்குள் இருந்ததை எந்த கிரேடிலும் சேர்க்க முடியாது.

அம்பாசிடரின் பெட்ரோல் பம்ப் பிளாக்கின் பக்கவாட்டில் போல்ட் போட்டு மாட்டியிருக்கும். கேம் ஷாஃப்ட்டில் இருக்கும் ஒரு மேடு பம்பின் கையை அசைக்க, கை டயஃப்ரத்தை இழுக்கும். டயஃப்ரத்துக்கு மேலே பெட்ரோல்; கீழே எஞ்சினின் வயிறு. நடுவே இருப்பது துணியும் ரப்பரும் சேர்ந்த ஒரு மெல்லிய தட்டு மட்டும்தான். அது கிழிந்தால் பெட்ரோல் ஓசைப்படாமல் ஆயிலில் இறங்கும். இப்படி ஆகக்கூடாது என்றுதான் பம்பின் கீழ் உடம்பில் ஒரு சிறு துளை விட்டிருப்பார்கள். டயஃப்ரம் கிழிந்தால் பெட்ரோல் அந்தத் துளை வழியே வெளியே சொட்டி ஆளைக் கூப்பிடும். இந்தப் பம்பில் அந்தத் துளையைக் காணோம். மண்ணெண்ணெயில் கழுவி, கம்பியால் சுரண்டிய பிறகுதான் தெரிந்தது. பல வருட அழுக்கும், யாரோ பேக்கிங் போடும்போது தாராளமாகப் பூசிய ஷெல்லாக்கும் சேர்ந்து அதை அடைத்திருந்தன.

பம்பைப் பிரித்து டயஃப்ரத்தை வெளிச்சத்தில் பிடித்தேன். நடுத்தட்டின் ஓரத்தில், மடிந்து நிமிரும் இடத்தில், நகக்கண் அளவுக்கு ஒரு பிளவு. ரப்பர் உப்பிக் களிம்பாக இருந்தது. இப்போது பெட்ரோல் பங்க்குகளில் கிடைக்கும் பெட்ரோலில் 20 சதவீதம் எத்தனால். எண்பதுகளில் செய்த ரப்பர் அதற்காகச் செய்யப்பட்டதல்ல. பழைய பெட்ரோல் வண்டி வைத்திருப்பவர்கள் பம்ப் டயஃப்ரம், ஓஸ் பைப், கார்பரேட்டர் பேக்கிங் மூன்றையும் எத்தனால் தாங்கும் ரப்பரில் மாற்றிவிடுவது நல்லது. நான் இதைச் சொல்லாமல் எந்தப் பழைய வண்டியையும் வெளியே அனுப்புவதில்லை.

டயஃப்ரம் மாற்றி, துளையைத் திறந்து, புது ஆயிலும் புது ஃபில்டரும் போட்டு மறுபடி கேஜை மாட்டினேன். ஆறிய எஞ்சினில் 60. சூட்டில் ஸ்லோவில் 9. 2000 சுற்றில் 30.

லைட் அணைந்துவிட்டது. ஐயாவுக்கு போன் போட்டபோது, “அப்ப வந்து எடுத்துக்கட்டுங்களா தம்பி?” என்று கேட்டார். வேண்டாம் என்றேன். பெட்ரோல் கலக்காத கெட்டி ஆயிலில் 30 பவுண்டு என்றால், பெட்ரோல் தன் வேலையை முடித்துவிட்டுத்தான் போயிருக்கிறது. அதோடு இன்னொன்றையும் கவனித்திருந்தேன். மூன்றாம் கியரில் இழுத்துவிட்டு ஆக்சிலேட்டரிலிருந்து காலை எடுக்கும் அந்த ஒரு நொடியில், அடியிலிருந்து லேசாக ‘டக் டக் டக்’ என்ற ஓசை.

ஃபில்டர் காகிதத்தில் பொன்னிறம்

கழற்றிய பழைய ஃபில்டரை நான் தூக்கிப்போடுவதில்லை. இந்த எஞ்சினில் ஃபில்டர் ஒரு கிண்ணத்துக்குள் உட்காரும் எலிமென்ட். எலிமென்ட்டைக் கத்தியால் கீறி, காகித மடிப்பை விரித்து, பிழிந்து, வெயிலில் வைத்தேன். மடிப்புகளின் பள்ளத்தில் பொடி மினுங்கியது. காந்தத்தைக் கிட்டே கொண்டுபோனால் ஒட்டவில்லை. ஒட்டியிருந்தால் இரும்பு: கேம், டேப்பட், ரிங் என்று தேட வேண்டியிருக்கும். ஒட்டாமல் வெள்ளி மாதிரியும் செம்பு மாதிரியும் மினுங்கினால் அது பேரிங் ஷெல், கிராங்கைச் சுற்றி உட்காரும் மெல்லிய உலோகத் தகடு. கிண்ணத்தின் அடியில் படிந்திருந்த சாம்பல் நிறக் குழம்பைக் கட்டை விரலில் தேய்த்தபோது விரல் ரேகைகளுக்குள் பொன்னிறம் ஏறி நின்றது.

எந்த சிலிண்டர் என்று பார்க்க, எஞ்சின் ஓடும்போது பிளக் வயர்களை ஒவ்வொன்றாக எர்த் செய்தேன். மூன்றாம் சிலிண்டரை நிறுத்தியதும் ஓசை பாதியாகக் குறைந்தது. பிஸ்டனைக் கிராங்கோடு இணைக்கும் தண்டு ராட்; அது கிராங்கைப் பிடிக்கும் கீழ்முனை பிக் எண்ட். அந்த பிக் எண்ட் பேரிங் அடித்தால் இப்படித்தான் குறையும். சிலிண்டரில் வெடி இல்லை என்றால் ராடை அடித்து இறக்க ஆள் இல்லை.

எஞ்சினின் அடியில் ஆயில் தேங்கும் தொட்டியான சேம்பரை இறக்கும் முன் வெளியே இருந்தே பார்க்கக்கூடிய ஒன்று பாக்கி இருந்தது. ஆயில் ரிலீஃப் வால்வ். பிளாக்கின் பின்பக்கத்தில் குவிந்த தலையுள்ள நட்டுக்குள் ஒரு ஸ்பிரிங்கும் ஒரு சிறு குப்பி வடிவ வால்வும் இருக்கும். பிரஷர் அளவு மீறினால் ஸ்பிரிங் அமுங்கி, மிஞ்சிய ஆயில் சேம்பருக்குத் திரும்பும். நட்டைத் திருகியதும் ஸ்பிரிங்கின் பின்னால் இரண்டு இரும்பு வாஷர்கள் விழுந்தன. எஞ்சினோடு வந்தவை அல்ல. ஸ்பிரிங்கை இறுக்கினால் பிரஷர் ஏறும் என்று யாரோ வைத்திருக்கிறார்கள்.

இது நம் பட்டறைகளில் பரவலாக இருக்கும் பழக்கம் என்பதால் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். ரிலீஃப் வால்வ் திறப்பது பிரஷர் அதிகமாகும்போது மட்டும். சூட்டில் ஸ்லோவில் 9 பவுண்டு இருக்கும்போது அந்த வால்வ் மூடித்தான் கிடக்கிறது. மூடிய கதவுக்கு முட்டுக்கொடுத்து என்ன பயன்? ஆறிய எஞ்சினில் 60க்கு ஏறியதே அந்த வாஷரின் வேலை. அதிகாலையில் கெட்டியாக இருக்கும் ஆயிலை அந்தப் பிரஷரில் தள்ளும்போது ஆயில் பம்பை ஓட்டும் கியரும் ஃபில்டர் கிண்ணத்தின் ரப்பரும்தான் அடி வாங்கும். ஸ்லோ பிரஷரை ரிலீஃப் வால்வ் கெடுக்க ஒரே ஒரு வழி உண்டு. வால்வ் தன் இருக்கையில் முழுதாக உட்காராமல் கசிந்தால் கெடும். அதைச் சோதிக்க மார்க்கிங் ப்ளூ தடவி அழுத்திப் பார்த்தேன். வளையம் முக்கால்தான் விழுந்தது. வால்வ் பேஸ்ட் போட்டு, முழு வளையம் விழும்வரை தேய்த்து, வாஷர்களை எடுத்துவிட்டு, புது ஸ்பிரிங்கோடு மாட்டினேன். சூட்டில் ஸ்லோ பிரஷர் 9லிருந்து 10 ஆனது. அவ்வளவுதான் அதன் பங்கு.

சேம்பருக்குள்

சேம்பர் இறங்கியதும் முதலில் கண்ணில் பட்டது ஆரஞ்சு நிறப் புழுக்கள். சேம்பர் பேக்கிங்குக்குப் பதிலாக யாரோ சிலிக்கான் பேஸ்ட்டைக் கயிறு மாதிரி பிழிந்து மாட்டியிருக்கிறார்கள். வெளியே பிதுங்கினால் அழகு கெடும், அவ்வளவுதான். உள்ளே பிதுங்கியது காய்ந்து, அறுந்து, நேராக ஆயில் பம்பின் உறிஞ்சு வலைக்குப் போயிருக்கிறது. வலையின் பாதி அடைந்திருந்தது. 2000 சுற்றில் பம்ப் கேட்கும் ஆயில் முழுதாகக் கிடைக்காமல் போனதற்கு இது ஒரு காரணம். சிலிக்கானை ஒரு மெல்லிய கோடு அளவுக்கு மேல் எஞ்சினில் பயன்படுத்துவதை நான் வன்மையாக எதிர்க்கிறேன். இந்த எஞ்சினுக்கு கார்க் பேக்கிங் இருக்கிறது, மெயின் கேப்பின் பள்ளத்துக்குத் தனி கார்க் துண்டுகள் இருக்கின்றன. அவற்றைப் போட்டால் போதும்.

அடுத்தது ஆயில் பம்ப். கேம் ஷாஃப்ட்டிலிருந்து கியர் வழியாகச் சுழலும் ரோட்டர் பம்ப் இது. உள் ரோட்டர் ஒன்று, வெளி ரோட்டர் ஒன்று. அளக்க வேண்டிய இடம் மூன்று. ரோட்டர் முகத்துக்கும் மூடிக்கும் இடையே 5 தௌவுக்கு மேல் போகக்கூடாது. தௌ என்பது அங்குலத்தில் ஆயிரத்தில் ஒன்று. இதில் 4 இருந்தது. இரண்டு ரோட்டர்களின் பற்களுக்கு இடையே எல்லை 6, இதில் 5. வெளி ரோட்டருக்கும் உடம்புக்கும் இடையே எல்லை 10, இதில் 9. எல்லாம் எல்லைக்குள், ஆனால் எல்லா எல்லையின் ஓரத்திலும்.

புதுப் பம்ப் ஒன்று வாங்கி வந்தேன். பாலிதீன் உறையைப் பிரித்து ஃபீலர் கேஜை விட்டால் மூடி இடைவெளி 7 தௌ. கழற்றிய பழைய பம்பை விட மோசம். கடைக்கே திருப்பிக் கொடுத்துவிட்டு, பழைய பம்பின் முகத்தைத் தடித்த கண்ணாடிப் பலகையில் நைஸ் எமரியும் ஆயிலும் போட்டு எட்டு எட்டாகத் தேய்த்தேன். மதியச் சாப்பாட்டுக்கு முன் 4 தௌ இருந்தது சாயங்காலம் 2 தௌவுக்கு வந்தது. இடையிடையே கழுவி, துடைத்து, அளந்து, மறுபடி தேய்க்க வேண்டும். ஒரேயடியாகத் தேய்த்துவிட்டால் ரோட்டர் மூடியில் உரசும்.

பிறகு பிக் எண்ட். மூன்றாம் ராடின் கேப்பைக் கழற்றி ஷெல்லைக் கையில் எடுத்தேன். நல்ல ஷெல் மங்கிய சாம்பல் நிறத்தில் இருக்கும். இதன் நடுவே மேல்பூச்சு முழுதாகப் போய் செம்பு தெரிந்தது. செம்பின் மேல் நீளவாக்கில் நகம் தடுக்கும் கீறல்கள். பின்பக்கத்தில் ‘010’ என்று முத்திரை, 10 தௌ குறைத்து அறுத்த கிராங்குக்கான ஷெல் என்று பொருள். ஒருமுறை ஏற்கனவே கிரைண்டிங் ஆன கிராங்க். நசுங்கும் அகலத்தை வைத்து இடைவெளியைச் சொல்லும் பிளாஸ்டிகேஜ் நூலை வைத்து இறுக்கிக் கழற்றி அளந்தால் இடைவெளி 4 தௌ. ஒன்றரைக்குப் பக்கத்தில் இருக்க வேண்டியது. மற்ற மூன்றும் 3க்கு மேல். கிராங்கை பிளாக்கில் தாங்கும் மெயின் பேரிங்குகளில் நடுப்பேரிங் மிக மோசம், 4.5 தௌ. இந்த எஞ்சினுக்கு மெயின் பேரிங் மூன்றுதான். இரண்டிரண்டு சிலிண்டருக்கு நடுவே கிராங்கைத் தாங்க வேறு ஆதரவு இல்லாததால் நடுப்பேரிங்தான் அதிகம் சுமக்கும், முதலில் தேயும்.

நாலு தௌ என்றால் என்ன ஆகிவிடப்போகிறது, தலைமுடி அளவுதானே என்று அன்று சாயங்காலம் ஐயா கேட்டார். வண்டியைப் பார்க்கவே பஸ் ஏறி வந்திருந்தார். அவருக்குத் தென்னந்தோப்பு உண்டு, சொட்டுநீர் போட்டிருக்கிறார். அதையே சொன்னேன். மோட்டார் தண்ணீரைத்தான் தள்ளுகிறது. பிரஷர் என்பது சிறு துளைகள் தண்ணீரைத் தடுத்து வைப்பதால் வருவது. நடுவில் அணில் கடித்த இடத்தில் குழாய் பீய்ச்சினால் கடைசி மரத்துக்குத் தண்ணீர் போகாது, மோட்டார் எத்தனை எச்பி ஆனாலும். பேரிங் இடைவெளியும் அப்படிப்பட்ட துளைதான், ஆனால் அது இன்னும் பொல்லாதது. இடைவெளி இரண்டு மடங்கானால் கசிவு இரண்டு மடங்கு அல்ல, எட்டு மடங்கு. மும்மடிக் கணக்கு. ஒன்றரைத் தௌ நாலு தௌ ஆனால், அதே பிரஷரில் அதே ஆயில் கிட்டத்தட்ட பத்தொன்பது மடங்கு வேகமாக வெளியேறும்.

அவர் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து, அந்தச் செய்தித்தாளின் ஓரத்திலேயே கணக்குப் போட்டுப் பார்த்தார். 18.96 வந்தது.

கிராங்க்

இந்த இடத்தில் ஒரு குறுக்கு வழி உண்டு. ஷெல்லை மட்டும் புதிதாக 010 போட்டு மூடிவிடலாம். செலவும் நாளும் பாதி. மைக்ரோமீட்டர் அதற்கு இடம் தரவில்லை. மூன்றாம் ராட் உட்காரும் கிராங்க் பின்னை மேலும் கீழும், பக்கவாட்டிலும் அளந்ததில் 2 தௌ வித்தியாசம். அந்தப் பின் வட்டமாக இல்லை, நீள்வட்டமாகத் தேய்ந்திருந்தது. அதன் மேல் வட்டமான ஷெல்லைப் போட்டால் ஒரு பக்கம் இறுகி, மறுபக்கம் தளர்ந்து, சில ஆயிரம் கிலோமீட்டரில் அதே செம்பு தெரியும்.

எஞ்சினைச் செயின் பிளாக்கில் தூக்கி, கிராங்கை இறக்கி, கிரைண்டிங்குக்கு அனுப்பினோம். புது ஷெல்களை முதலில் வாங்கிக் கையில் கொடுத்துவிட்டுத்தான் கிரைண்டிங் செய்யச் சொல்ல வேண்டும். ஷெல்லைப் பார்த்து கிராங்க் அறுக்க வேண்டுமே தவிர, கிராங்கை அறுத்துவிட்டு ஷெல் தேடக்கூடாது. 20 அண்டர் சைஸுக்கு, அதாவது மூல அளவிலிருந்து 20 தௌ குறைவாக, மெயின், பிக் எண்ட் இரண்டும் அறுபட்டன. ஒன்றை மட்டும் இரண்டு முறை வற்புறுத்திச் சொல்லி அனுப்பினேன்: பின்னும் அதன் பக்கச்சுவரும் சேரும் மூலையில் இருக்கும் வளைவை அப்படியே விட வேண்டும். அந்த மூலையைக் கூர்மையாக அறுத்துவிட்டால் கிராங்க் ஒருநாள் அந்த இடத்தில்தான் உடையும்.

கிராங்க் திரும்பி வந்ததும், உள்ளே குறுக்கே ஓடும் ஆயில் துளைகளில் கம்பி பிரஷ் விட்டு, மண்ணெண்ணெய் பாய்ச்சி, காற்று அடித்தேன். முதல் மூன்று முறை துணியில் கறுப்பு வந்தது. கிரைண்டிங் கல்லின் பொடி இதற்குள் ஒளிந்திருந்தால் புது ஷெல்லுக்கு ஆயுள் ஒரு நாள். பிளாக்கின் நீளவாட்டு ஆயில் வழியின் இரண்டு முனைப் பிளக்குகளையும் கழற்றி அதையும் அப்படியே சுத்தம் செய்தோம். கேம் பேரிங்குகள் இடைவெளிக்குள் இருந்தன. ராக்கர் ஷாஃப்ட்டில் விரல் நகம் தடுக்கும் படி விழுந்திருந்ததால் ஷாஃப்ட்டும் புஷ்ஷும் மாற்றினோம். ராக்கருக்குப் போகும் ஆயிலும் இதே பிரஷரிலிருந்து பிரிந்து போவதுதான். அங்கே தாராளமாகக் கொட்டினால் அதுவும் கணக்கில் கழியும்.

மாட்டும்போது மறுபடி பிளாஸ்டிகேஜ். மெயின் மூன்றும் ஒன்றரைத் தௌ, பிக் எண்ட் ஒன்றுக்கும் ஒன்றரைக்கும் நடுவே. மெயின் நட்டுகளை டார்க் ரெஞ்சில் 70 பவுண்டு-அடிக்கும், பிக் எண்ட்டை 35க்கும் இறுக்கி லாக் வாஷரை மடித்தேன். கிராங்க் முன்னும் பின்னும் ஆடும் அளவு 3 தௌ.

பம்பை உலர்ந்தபடி மாட்டக்கூடாது. ரோட்டர்களுக்கு இடையே வாசலின் அடைத்து மாட்டினால் முதல் சுழற்சியிலேயே உறிஞ்சத் தொடங்கும். பிளக்குகளைக் கழற்றி வைத்துவிட்டு செல்ஃப் மட்டும் அடித்தோம். கேஜ் முள் அசையவில்லை. நிறுத்தி, கொஞ்சம் ஆறவிட்டு, மறுபடி. மூன்றாவது முறை முள் துள்ளி 35இல் நின்றது. அதன் பிறகுதான் பிளக்குகளை மாட்டி ஸ்டார்ட் செய்தோம்.

கேஜ் சொன்னது

அதே கேஜ், அதே டாக்கோமீட்டர், அதே ரோட்டில் அதே இருபது நிமிட ஓட்டம். ஆயிலும் அதே 20டபிள்யூ-50, எந்த டப்பாவும் சேர்க்காமல். ஆறிய எஞ்சினில் ஸ்லோவில் 52. சூட்டில் ஸ்லோவில் 18. 2000 சுற்றில் 48. மூன்றாம் கியரில் காலை எடுத்தபோது அடியில் ஓசை இல்லை.

500 கிலோமீட்டரில் வரவழைத்து ஆயிலும் ஃபில்டரும் மாற்றினேன். ஃபில்டரைக் கீறி வெயிலில் வைத்தேன். முதல் ஓட்டத்தின் துகள் கொஞ்சம் இருந்தது, பொன்னிறம் இல்லை. வடித்த ஆயில் ஸ்டிக்கின் நுனியில் தயங்கித்தான் விழுந்தது. பின்பக்கச் சொட்டை நிறுத்தக் கிராங்கின் பின்முனைக்கு ரப்பர் சீல் போடும் மாற்று வழிகள் உண்டு. ஆனால் அதற்காக நல்ல கிராங்கை லேத்தில் ஏற்ற எனக்கு மனமில்லை. ஐயாவும் சரி என்றுவிட்டார். போர்டிகோவில் ஒரு பழைய ஓட்டைத் தாம்பாளத்தில் மணல் பரப்பி வைத்திருக்கிறாராம்.

அடுத்த மாதம் அவரிடமிருந்து போன். குரலில் கவலை.

“தம்பி, பழநி போய்ட்டு வந்தமுங்க. லைட் எல்லாம் எரியலை. ஆனா டிப் ஸ்டிக்ல ஆயில் குறையுதுங்களே. மேல் கோட்டுல இருந்து கால்வாசி இறங்கியிருக்குது.”

எத்தனை கிலோமீட்டர் ஓடியிருக்கிறது என்று கேட்டேன். எண்ணூறு என்றார். வாசம் பார்த்தீங்களா என்றேன்.

“பார்த்தமுங்க. வெறும் ஆயில் வாசம்தான்.”

மேல் கோடு வரை ஊற்றிக்கொள்ளச் சொன்னேன்.